கவர்னர் எங்கள் வீட்டில் சாப்பிட்ட நாள்

என் நைனா யுத்தகாலத்தில் பர்மாவில் ஒரு வெள்ளைக்கார மேஜருக்கு ஜீப் ஓட்டியவர். சண்டை முடிந்த பிறகு அந்த மேஜர் படிப்படியாக உயர்ந்து, கடலுக்கு நடுவே எங்கோ இருக்கும் ஒரு தீவுக்குக் கவர்னரானார். அந்தச் சேதி வந்தபோது, தனக்கே பதவி கிடைத்ததுபோல் செஞ்சி பஜாரில் நைனா நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நடந்தார்.

தீவுக்குச் சுதந்திரம் கிடைத்ததும் துரை ஓய்வுபெற்றார். அறுபதுகளின் நடுவில் ஒருநாள், கோட்டையைப் பார்க்க வந்தவர் எங்களையும் பார்க்க வந்தார். திண்டிவனம் பஸ்ஸிலிருந்து வேர்க்க விறுவிறுக்க இறங்கியவருக்கு நைனா விறைப்பாக சல்யூட் அடித்தார். அவரோ நைனாவைக் கட்டிக்கொண்டார்.

யுத்தகாலத்தில் நைனாவிடம் கற்ற தமிழ் மறந்துபோய்விட்டது என்று அவர் சொன்னதால், பக்கத்து வல்லத்தில் டீச்சராக இருந்த நான் மொழிபெயர்த்தேன். கோழிக்குழம்பு ஊற்றிக்கொண்டே அம்மா, "கவர்னர் வேலைய ஏன் உட்டுட்டாராம், கேளு" என்றாள்.

கேட்டேன். தீவை அந்த மக்களிடமே கொடுத்துவிட்டதாகச் சொன்னார்.

"இவரு இன்னா குடுக்கறது? அது அவங்களுது தானே!" என்றாள் அம்மா.

நைனா அம்மாவை முறைத்தார். இதை எப்படிப் பக்குவமாகச் சொல்வது என்று நான் திணறினேன். ஆனால் துரைக்குப் புரிந்துவிட்டது.

"ஆமாம்மா, அவங்களுதுதான்" என்றார் தமிழிலேயே. "எங்களுக்குப் புரிய ரொம்ப லேட்டாயிடுச்சு."

அம்மா அவர் இலையில் இன்னும் இரண்டு துண்டு கறி வைத்தாள்.

துரையை பஸ் ஏற்றிவிட்டு வந்ததும் நைனா அம்மாவைக் கோபித்துக்கொள்ளப் பார்த்தார். முடியவில்லை, சிரித்துவிட்டார்.