தணிகை இழுத்த கோடு

நேற்று ரயிலில் பக்கத்தில் வந்து உட்கார்ந்தவர் புது மொட்டை. சந்தன வாசனை குப்பென்று அடித்தது. உங்களுக்கு அது மலையை நினைவூட்டும். பாவி, எனக்குத் திருப்பதி பஸ் நிலையத்துக்கு எதிரே நான் வேலை பார்த்த பிரௌசிங் சென்டர்தான் நினைவுக்கு வருகிறது. அமெரிக்காவில் இருக்கும் பிள்ளைக்கு மெயில் அனுப்ப மொட்டைகள் காத்திருப்பார்கள். ஏசி அறை முழுக்க ஈரச் சந்தனம்.

தணிகை அங்கேதான் இருந்தான். நகரி விசைத்தறிக்காரர் மகன். கம்ப்யூட்டர் படுத்தால் அவன் எழுப்புவான், நான் டீ வாங்கி வருவேன். பெரிய ஜவுளிக்கடைகளின் இணையதளங்களை எவனோ உடைத்து முகப்பை அழிக்கிறான் என்று பத்திரிகைகள் அலறிய நாட்கள் அவை. அந்த எவனோ இவன்தான் என்று எனக்கு மட்டும் தெரியும். எதையும் திருடமாட்டான். வெற்றுப் பக்கத்தின் அடியில் சிவப்பு, மஞ்சள், சிவப்பு என்று கோடு இழுத்துவிட்டு வருவான், அவ்வளவுதான்.

"ஏன்டா இந்த வேல? பெங்களூர்ல வேலைக்குக் கூப்ட்டுக்கிறாங்க. மாட்னா அதுவும் பூடும்" என்றேன்.

"பொடவ முடியற எடத்துல எங்க நைனா இந்தக் கோட்டத்தான் நெய்யும். எங்க ஊட்டு அடையாளம். கடைக்காரன் அத்த வெட்டிட்டு அவன் பேர ஒட்டி வித்துக்கினு கீறான். நான் அவன் பேர அழிக்கிறேன். சரிக்குச் சரி."

நியாயமாகத்தான் பட்டது. இருந்தாலும் வாசலில் ஜீப் சத்தம் கேட்டால் எட்டிப் பார்த்துக்கொண்டேதான் இருந்தேன்.

ஒரு மதியம் போலீஸ் எங்கள் வாசலுக்கே வந்துவிட்டது. இன்ஸ்பெக்டர் அந்தக் கோடு போட்ட பக்கத்தை அச்செடுத்து வந்து, ஒவ்வொருவர் முகத்துக்கு நேராகவும் நீட்டினார். "இதி எவரிதி?" யாருடையது என்று எவன் சொல்வான்? மொட்டைகள் முழித்தார்கள். நானும் முழித்தேன். தணிகை கீபோர்டைத் துடைத்துக்கொண்டிருந்தான். கடைசியில் இன்ஸ்பெக்டர் காகிதத்தை மடிக்கப் போனார். அப்பாடா என்றிருந்தது.

அந்த நேரம் பார்த்துத்தானா தணிகையின் அப்பா வரவேண்டும்? தோளில் புடவை மூட்டை, கையில் மகனுக்குச் சாப்பாடு. காகிதம் அவர் கண்ணில் பட்டுவிட்டது.

"அட, இது நம்ம கோடாச்சே!" முகமெல்லாம் சிரிப்பு. "கம்ப்யூட்டர்ல கூட வந்துட்ச்சா? யாரு சார் போட்டது?"

தணிகை எழுந்தான். "நான்தான் நைனா" என்றான். இன்ஸ்பெக்டரை அவன் பார்க்கவே இல்லை.

பெங்களூர் வேலை போயிற்று. ஜெயிலிலிருந்து வந்தவன் வெளிநாடு போய்விட்டான். இப்போது இப்படி இணையதளங்களின் பூட்டை உடைப்பவர்களைக் கம்பெனிகளே கூப்பிட்டு வேலை கொடுக்கின்றனவாம். சென்டர் இருந்த இடத்தில் செல்போன் கடை.

போன மாதம் நகரியில் அவன் அப்பாவிடமே ஒரு புடவை வாங்கினேன். கடைசி முனை வரை பிரித்துப் பார்த்தேன். வெறும் துணி.

"கோடு எங்க மாமா?"

"அன்னிக்கே நிறுத்திட்டேன்" என்றார். "என் வாயால புள்ளயக் காட்டிக் குடுத்த கோடுப்பா அது."