குறுக்கே கிடந்த விராலித் தழை

தற்காலிக அடையாளம் எதையும் அகற்றும் முன், அதை இட்டவர் யார், எதற்காக இட்டார் என்று கேட்டு, கிடைத்த பதிலைத் தேதியுடன் களப் புத்தகத்தில் குறித்துக்கொள்ள வேண்டும். நான் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் எங்கள் நில அளவைக் குழுக்களுக்கு இருந்த விதி இது. நல்ல விதி. இதற்கு முந்தைய விதி, குழுவில் கடைசியாக நடப்பவர் வழியிலுள்ள தற்காலிக அடையாளங்களை எல்லாம் அகற்றிவிட்டு வர வேண்டும் என்று சொல்லும். ஒன்றைப் படித்தவன் மற்றதையும் படிக்கட்டும் என்றுதான் விதிகளை அடுத்தடுத்துப் போடுகிறார்கள். எனக்கு இரண்டுமே மனப்பாடம். நிறைவேற்றியது ஒன்றைத்தான்.

அந்தக் களப் புத்தகம் இன்னும் என்னிடம் இருக்கிறது. அதை அலுவலகத்தில் திருப்பி ஒப்படைத்திருக்க வேண்டும். அதற்கும் ஒரு விதி உண்டு. பச்சைத் துணி ஒட்டிய அட்டை, மழையில் நனைந்து உப்பிய பக்கங்கள். நடுவில் விராலி என்ற மலைச்செடியின் கொத்து ஒன்று. வெளியே நீண்டிருக்கும் இலைகள் புகையிலை நிறத்துக்கு வந்துவிட்டன. அதன் பிசின் இரண்டு பக்கங்களை ஒட்டவைத்திருக்கிறது. பிரித்தால் கிழியும். நான் பிரித்ததில்லை.

ஆந்திர மாநிலம் தனியாகி, எந்த ஊர் எந்தப் பக்கம் என்று இரண்டு அரசாங்கங்களும் பேசிக்கொண்டிருந்த வருடங்கள் அவை. சித்தூர் டீக்கடைகளில் எல்லையை எச்சில் விரலால் பெஞ்சு மேல் வரைந்து காட்டுவார்கள். வீட்டில் தமிழும் ஆபீஸில் தெலுங்கும் கோப்பில் இங்கிலீஷுமாக இருந்த என்னைப் போன்ற குமாஸ்தாக்களுக்கு அது வேடிக்கைப் பேச்சாக இல்லை. தெலுங்கில் தமிழையும் தமிழரையும் அரவம் என்பார்கள். ஒரு கோப்பு காணாமல் போனால், "அரவம் எடுத்துக்கொண்டு போயிருக்கும்" என்று என் காதுபடச் சொல்லிச் சிரிப்பார்கள். நானும் சேர்ந்து சிரிப்பேன். வேலை இன்னும் நிரந்தரமாகவில்லை. நிரந்தரமாகாதவன் சற்று உரக்கவே சிரிக்க வேண்டும்.

வெதுருகுப்பத்துக்கு அப்பால் உள்ள மலைகளில் கோனைகள் பல. இரண்டு மலைக்கு நடுவே ஒடுங்கிக் கிடக்கும் பள்ளத்தாக்கை அங்கே கோனை என்பார்கள். அவற்றுக்குள் இருக்கும் மடுக்களையும் ஏரிகளையும் நேரில் பார்த்து, எந்த நீர் எந்தப் பக்கம் வழிகிறது என்று பட்டியல் எடுத்து வர ஒரு குழு போட்டார்கள். ஐந்து நாள் நடை, நான்கு பேர்: தலைமைக்கு இன்ஸ்பெக்டர், எழுதுவதற்கு நான், அளக்கும் சங்கிலியைத் தூக்க ஒரு செயின்மேன், வழி காட்டக் காட்டு இலாகாவிடமிருந்து இரவலாக வாங்கிய வாச்சர்.

நான் எழுத வந்தது இந்த வாச்சரைப் பற்றி. நாற்பது வயதுக்குள் இருக்கும். வேட்டிக்கு மேல் காக்கிச் சட்டை. இலாகா கொடுத்த பூட்ஸைக் கழுத்தில் தொங்கவிட்டுக்கொண்டு வெறுங்காலில் நடப்பார். மடுவை நெருங்கினால் முதலில் ஒரு கல்லை விட்டெறிந்து, அதன் சத்தம் அடங்கிய பிறகுதான் எங்களைத் தண்ணீரில் இறங்க விடுவார். முதல் நாளே பயந்துவிட்டேன். பாறைகளின் மேல் கரடியின் எச்சம். புதருக்குள் எதுவோ மூச்சு விட்டது. எனக்கு மட்டும்தான் கேட்டது.

"கரடி எதுத்தாப்ல வந்தா என்ன செய்யணும்?" என்று கேட்டேன்.

"நீங்க ஒண்ணும் செய்யத் தேவல்ல, சின்ன சார். செய்ய வேண்டியத கரடியே பாத்துக்கும்."

செயின்மேன் சங்கிலியைக் கீழே போட்டுவிட்டுச் சிரித்தான். அவனுக்கு என் வயதுதான். சாப்பிடும்போதுகூட வாச்சர் பக்கத்தில்தான் உட்காருவான். அவரை 'ணா, ணா' என்றே கூப்பிடுவான்.

இரண்டாம் நாள் காலை இன்ஸ்பெக்டர் என்னைத் தனியே அழைத்தார். எதிர்த் தரப்பின், அதாவது தமிழ்ப் பக்கத்தின், ஆட்களும் இதே மலைகளில் திரிவதாகக் கேள்வி. இங்கிருந்தே யாராவது அவர்களுக்கு அடையாளம் வைத்துக் கொடுக்கலாம். கடைசியாக நடப்பவன் நீ, கண்ணைத் திறந்து வை என்றார். பிறகு தெலுங்கில், "நீ நம்ம ஆள்தானே?" என்றார். கேள்வியின் கடைசியில் அவர் சிரித்திருந்தால் எனக்கு அவ்வளவு பயம் வந்திருக்காது.

மூன்றாம் நாள் செயின்மேனின் குதிகாலில் முள் ஏறி வீங்கிவிட்டது. வாச்சரும் அவனும் ஓடைக்கரையில் ஏதோ பேசிக்கொண்டார்கள். நான் இன்ஸ்பெக்டரின் பக்கத்தில், அவர் சொன்ன அளவுகளை எழுதிக்கொண்டிருந்தேன். அவன் மெதுவாகப் பின்னால் வரட்டும் என்று ஏற்பாடாயிற்று. வாச்சர் முன்னே, இன்ஸ்பெக்டர் நடுவே, நான் பின்னே.

முதல் கவை வந்தது. பாதை இரண்டாகப் பிரிந்த இடத்தில், நாங்கள் போகாத பாதையின் குறுக்கே புதிதாக ஒடித்த விராலிக் கொத்து ஒன்று கிடந்தது. மேலே ஒரு கல். காற்றில் விழுந்ததல்ல, கை வைத்தது. எனக்கு முன்னால் போன கைகள் இரண்டு பேருடையவை. இன்ஸ்பெக்டர் குனிந்து எதையும் எடுக்கிற உடம்பு இல்லை. அப்படியானால் வாச்சர். வாச்சரோ என்னைப் போலவே வீட்டில் தமிழ் பேசுகிறவர். எதிர்த் தரப்புக்கு அடையாளம் வைக்கிறார் என்று முடிவு கட்ட எனக்கு ஒரு மூச்சு நேரம்கூட ஆகவில்லை. அரவத்தை அரவம்தான் முதலில் சந்தேகிக்கும். கல்லைத் தள்ளினேன், தழையை எடுத்துப் புதரில் வீசினேன். அன்று ஐந்து கவைகள். ஐந்து தழைகளையும் எடுத்தேன். கடைசிக் கொத்தில் சிறியதொரு கிளையை ஒடித்து, ஊர் திரும்பியதும் இன்ஸ்பெக்டரிடம் சாட்சியாகக் காட்ட, களப் புத்தகத்துக்குள் வைத்தேன். இனி வேலை நிரந்தரம் என்று நினைத்தது நினைவிருக்கிறது.

கோனைக்குள் ஓர் ஏரிக்கரையில் தங்கினோம். வெயில் மலை உச்சிக்கு ஏறிப்போன பிறகும் செயின்மேன் வரவில்லை. வாச்சர் கடைசிக் கவை வரை போய்ப் பார்த்துவிட்டுத் திரும்பினார். நடந்து போனவர் ஓடி வந்திருந்தார்.

"போட்ட தழைய காணோம் சார்."

"என்ன தழை?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"போவக் கூடாத பக்கத்துல குறுக்க தழ போட்டுக்கினு போவேன், அத பாத்துக்கினே வந்துடுன்னு அவன்கிட்ட சொல்லி வெச்சிருந்தேன். இந்த மலைல எல்லாரும் அப்பிடித்தான் போடுறது. தழ கெடந்தா அந்தப் பக்கம் மூடிக்கிச்சுன்னு அர்த்தம்."

"ஆடு தின்றிருக்கும்."

"விராலிய ஆடு துன்னாது சார். அதுக்குத்தான் அத ஒடிக்கிறதே." சற்று நின்று, "துன்னா ரெண்டு கால் ஆடுதான் துன்னணும்" என்றார்.

நான் அப்போது சோற்றில் கை வைத்திருந்தேன். விராலிப் பிசின் தண்ணீருக்குப் போகாது. விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டிருந்தன. அந்தக் கசப்பு வாடை சாப்பாட்டு இலை முழுவதும் ஏறியிருந்தது. வாச்சர் என் கையைப் பார்த்தார். பிறகு ஏரியைப் பார்த்தார்.

அன்று நான் பட்ட பயத்துக்கு எந்தப் பதிவேட்டிலும் பத்தி கிடையாது. ஒருவன் செத்துக்கொண்டிருக்கிறான், என்னால். அதை விடவும், அதைச் சொல்லிவிடுவேனோ என்ற பயம். இரண்டில் எது பெரிது என்று கேட்டால் இன்றும் நேராகப் பதில் சொல்ல மாட்டேன்.

விடிந்ததும் வாச்சர், "சின்ன சார் என்கூட வரட்டும்" என்றார். இன்ஸ்பெக்டருக்கு மகிழ்ச்சி, அவர் போக வேண்டியதில்லை. வழியில் வாச்சர் என்னை முன்னால் போகச் சொன்னார். முதுகுக்குப் பின்னே அவருடைய வெறுங்கால் சத்தம் கேட்கவே இல்லை. இருக்கிறாரா என்று திரும்பிப் பார்க்கும் ஒவ்வொரு முறையும் ஒரு கை தூரத்தில் இருந்தார். இடுப்பில் கொடுவாள்.

ஒவ்வொரு கவையிலும் நின்று, "எந்தப் பக்கம் தழ போட்டேன் சார்?" என்று கேட்டார். வழி தெரியாமலா கேட்கிறார் என்று யோசிக்கக்கூட எனக்குப் புத்தி வேலை செய்யவில்லை. விரலை நீட்டிக் காட்டினேன். "கரெக்டா சொல்றீங்க" என்றார். மூன்றாவது கவையில் காட்டிக்கொண்டிருக்கும்போதுதான், நேற்று தழையைப் பார்த்ததாகவே சொல்லாத நான் அது கிடந்த இடத்தை ஒவ்வொன்றாகக் காட்டிக்கொடுக்கிறேன் என்று எனக்கு உறைத்தது. நீட்டிய கை அப்படியே நின்றது. அவர் அதை ஒன்றும் கவனிக்காதவர் போல, நான் காட்டிய பக்கத்தில் குனிந்து மண்ணைப் பார்த்தார். ஒரு கால் பதிந்து, ஒரு கால் இழுபட்ட தடம். பக்கத்தில் கோல் ஊன்றிய குழிகள்.

அது ஊமை மடுவுக்குப் போகிற பாதை. மூன்று பக்கமும் செங்குத்துப் பாறை; அங்கே எவ்வளவு கத்தினாலும் சத்தம் வெளியே வராது, அதனால் அந்தப் பெயர் என்றார். மடுவுக்கு மேலே பாறையை ஒட்டி ஓரடி அகலத்தில் ஒரு விளிம்பு. கீழே கறுப்புத் தண்ணீர். நான் முன்னே, அவர் பின்னே. இங்கே தள்ளினால் யாருக்கும் கேட்காது, இன்ஸ்பெக்டர் 'கால் தவறி' என்று எழுதுவார், அதை எழுத நான்கூட இருக்க மாட்டேன் என்று நினைத்தேன். அந்த நொடியில் என் தோளில் அவர் கை விழுந்தது. நான் அலறினேன். அந்த மடு அந்த அலறலையும் விழுங்கியது.

"அந்தக் கல்லு ஆடும். இந்தப் பக்கமா வெச்சு நடங்க" என்றார். கையை எடுக்காமலே என்னைக் கடத்திவிட்டார்.

செயின்மேன் மடுவின் மறுகரையில் பாறை இடுக்கில் உட்கார்ந்திருந்தான். ஒரு நாளிலேயே குரல் போய்விட்டிருந்தது. காய்ச்சலில் உடம்பு தூக்கிப்போட்டது. இரண்டு கைகளாலும் சங்கிலியைப் பிடித்துக்கொண்டிருந்தான். வாச்சரைப் பார்த்ததும் அழுதான்.

"ஒரு தழ கூட இல்லியேணா. ஒனக்கு என்னமோ ஆயிட்ச்சின்னு நெனச்சேன்."

"ஆவல நைனா. வா" என்று அவனை முதுகில் ஏற்றிக்கொண்டார். சங்கிலியை நான் தூக்கினேன். மடுப் பாதை பிரிந்த அந்தக் கவைக்குத் திரும்பி வந்ததும் நின்று, ஒரு விராலிக் கொத்தை ஒடித்து, நாங்கள் வந்த பாதையின் குறுக்கே போட்டுக் கல்லை வைத்தார். நான் தாண்டிப் போகும் வரை பார்த்துக்கொண்டே நின்றார்.

சித்தூரில் இன்ஸ்பெக்டர் அறிக்கையைச் சொல்லச் சொல்ல நான் எழுதினேன். 'வழிகாட்டி வழியை உரிய முறையில் குறிக்கத் தவறியதால்' என்ற வரியும் என் கையெழுத்தில்தான் இருக்கிறது. என் கையெழுத்தை எல்லோரும் மெச்சுவார்கள். வாச்சரை வேலையிலிருந்து நீக்கினார்கள். என் வேலை அந்த வருடமே நிரந்தரமாயிற்று.

நீக்கத்தை எதிர்த்து மனு எழுத அவர் என்னிடமே வந்தார். "அங்க இருந்தவரு நீங்கதானே. நீங்க எழுதினாத்தான் சரியா இருக்கும்" என்று எதிரே உட்கார்ந்துகொண்டார். நான் எழுதினேன். மேல்முறையீட்டு விதி, காலக்கெடு, முந்தைய சேவை, குடும்ப நிலை, ஒன்றும் விடவில்லை. படித்துக் காட்டச் சொன்னார். படித்தேன்.

"எல்லாம் வந்துட்ச்சா சார்?"

ஆபீஸில் மின்விசிறி ஓடிக்கொண்டிருந்தது. மனுவின் ஓரம் பறக்காமல் விரலால் அழுத்திக்கொண்டேன்.

"வந்துவிட்டது" என்றேன்.

காகிதத்தைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டார். பிறகு கட்டை விரலை மையில் வைத்து ரேகை உருட்டினார். மனு தள்ளுபடி ஆயிற்று. தள்ளுபடி செய்ய அதில் போதுமான விதிகளை நானே எடுத்துக் கொடுத்திருந்தேன்.

பல வருடம் கழித்து அவரை ஒரு முறை திருச்சானூரில் பார்த்தேன். கோயில் வீதியில் யாத்திரைக்காரர்களின் மூட்டைகளைத் தலையில் வைத்து, அவர்களுக்கு வழி காட்டிக்கொண்டு முன்னால் போனார். தலை முழுக்க நரைத்திருந்தது. என் மனைவி குங்குமம் வாங்கிக்கொண்டிருந்தாள். நான் பக்கத்துச் சந்துக்குள் நுழைந்து, ஒரு வளையல் கடையில் நின்று, அவர் போகும் வரை எனக்கு வேண்டாத வளையல்களுக்கு விலை கேட்டேன்.

ஓய்வு பெற்ற பிறகு பயப்பட ஒன்றுமில்லை என்பார்கள். ஓய்வூதியம் உறுதியான பின்புதான் கடிதம் எழுதினேன். அந்த வரிசையையும் கவனித்துக்கொள்ளுங்கள். செயின்மேன் அப்போது இல்லை. காலை இழுத்து இழுத்தே பணிக்காலத்தை முடித்துவிட்டுப் போய்ச் சேர்ந்திருந்தான். வாச்சர் வெதுருகுப்பம் பக்கத்தில் மகள் வீட்டில் இருப்பதாக விசாரித்துத் தெரிந்துகொண்டேன். மூன்று பக்கம் எழுதினேன். ஐந்து தழைகளையும் எடுத்தது நான் என்று எழுதினேன். அவருக்குத் தெரியும் என்பது எனக்குத் தெரியும் என்றும் எழுதினேன். அரசாங்கத்துக்கும் எழுதித் தருகிறேன், நேரில் வந்து உங்கள் வீட்டார் முன்னால் சொல்கிறேன், வரலாமா என்று கேட்டு முடித்தேன்.

ஏழு மாதம் ஒன்றுமில்லை. தபால்காரரின் சைக்கிள் மணி கேட்கும்போதெல்லாம் ஊமை மடுவின் விளிம்பில் நின்றேன்.

பிறகு ஒரு நாள் பழுப்பு உறை ஒன்று வந்தது. முகவரியை யாரையோ வைத்து எழுதியிருந்தார். வெதுருகுப்பம் தபால் முத்திரை. உள்ளே காகிதம் எதுவும் இல்லை. ஒரு விராலிக் கொத்து மட்டும் இருந்தது, பச்சை வாடாமல். விரலில் ஒட்டியது. அந்த வாடையில் சோற்றுக் கையின் நினைவு வந்தது.

இந்த முறை நான் அதை எடுத்து எறியவில்லை. களப் புத்தகத்தைத் திறந்து, பழைய கொத்து ஒட்டிய பக்கங்களுக்கு அடுத்த பக்கத்தில் வைத்தேன். பக்கத்தில் இடம் இருந்தது. நாற்பது வருடம் தாமதமாக விதியை நிறைவேற்றினேன்.

இட்டவர்: வாச்சர். எதற்காக: இந்தப் பக்கம் வர வேண்டாம் என்று. பதில் கிடைத்த நாள்: ஜூலை ஒன்பது, வெள்ளிக்கிழமை.