அண்ணையின் மாட்டுவால் கார்

அண்ணையின் ஆண்டுத் திவசத்துக்கு வந்திருக்கும் உறவுகளுக்கும் நண்பர்களுக்கும் தம்பி எழுதுவது.

அண்ணை சுன்னாகத்தில் பிறந்தார். எங்கள் ஐயா காலமானபோது அவருக்குப் பதினாறு வயது. படிப்பை விட்டுக் கராஜில் வேலைக்குச் சேர்ந்தார். நானோ எட்டாம் வகுப்போடு பள்ளியை விட்டு, பேசாலைக்குப் போய் மீன்பிடி வள்ளத்தில் ஏறினேன். வீட்டை அவர்தான் பார்த்தார்.

சண்டைக் காலத்தில் பெற்றோல் இல்லாதபோது மண்ணெண்ணெயில் கார் ஓட வைத்தவர்களில் அண்ணையும் ஒருவர். கனடா வந்து, பார்க்டேலில் ஓர் அறையில் ஆறு பேரோடு படுத்தெழும்பி, பிறகு ஸ்காபரோவில் சொந்தக் கராஜ் போட்டார். என்னையும் கூப்பிட்டு எடுத்தார். நான் ஆறு மாதம் ஓரிடத்தில் நின்றதில்லை. கல்கரி, ஹலிபாக்ஸ் என்று திரிந்துவிட்டு வரும்போதெல்லாம் அண்ணி ஒன்றும் கேட்காமல் சோறு போடுவார். அண்ணை வேலை உடுப்பை எடுத்துத் தருவார்.

மார்க்கம் நகரில் பழைய கார்கள் சேர்க்கும் பல் வைத்தியர் ஒருவர் இருக்கிறார். பிரான்ஸில் கார் செய்யத் தொடங்கிய முதற்காலத்து வண்டி ஒன்று அவரிடம் ஓடாமல் நின்றது. குதிரை வண்டிக்கு இயந்திரம் பூட்டியது போல இருக்கும். ஸ்டியரிங் வட்டம் கிடையாது; நீண்ட பிடி ஒன்றுதான். பிரெஞ்சுக்காரர் அதை மாட்டுவால் என்பார்களாம். சுடரேற்றிக் குழாயைச் சூடாக்கினால்தான் இயந்திரம் பிடிக்கும். மற்ற மெக்கானிக்குகள் தொடப் பயந்தார்கள்.

"உது எங்கட பெற்றோமாக்ஸ் விளக்கு மாதிரித்தானே, டொக்டர்," என்றார் அண்ணை.

இரண்டு வருடம் ஞாயிறு தோறும் போய்த் திருத்தினார். இடையில் சிறுநீரகம் பழுதாகி, கிழமைக்கு மூன்று நாள் இரத்தம் சுத்திகரிக்க வேண்டி வந்தது. அந்த வண்டியில் ஒருமுறை போய்வர வேண்டும் என்பதைத் தவிர டொக்டரிடம் வேறெதையும் அவர் கேட்கவில்லை.

அண்ணியும் நானும் கூடப் போயிருந்த ஒரு கோடை நாளில் இயந்திரம் பிடித்தது. அண்ணி சில்லுகளுக்குக் கீழே நாலு எலுமிச்சம்பழம் வைத்தார். அண்ணை ஏறி நசித்துக்கொண்டு போனார். நாற்பது வருடம் கார் ஓட்டிய பழக்கத்தில், இடப்பக்கம் திரும்பப் பிடியையும் இடப்பக்கம் தள்ளினார். வண்டி வலப்பக்கம் போய் டொக்டரின் ரோசாப் பாத்திக்குள் நின்றது. அண்ணை வாழ்நாளில் செய்த ஒரே விபத்து அது.

"காணும், இறங்குங்கோ," என்றார் அண்ணி.

அண்ணை பக்கத்து இருக்கைக்கு நகர்ந்தார். "தம்பி, உது வள்ளத்துச் சுக்கான் மாதிரி வேலை செய்யுது. நீ ஏறு."

"என்னட்டை லைசென்ஸ் இல்லை, அண்ணை."

"உதுக்கு ஆரிட்டையடா லைசென்ஸ் இருக்கு?"

ஏறினேன். யோசிக்காமலே என் கை சரியான பக்கம் தள்ளியது. நான் ஓட்டிய எதிலும் அண்ணை அதற்கு முன் ஏறியதில்லை. "உன்ரை கடல் ஒண்டுக்காவது உதவிச்சுது," என்றார்.

தெரு முடிவில் இயந்திரம் நின்றுவிட்டது. நான் இறங்கித் தள்ளினேன். அயல் வீடுகளில் இருந்து நாலு பேர் வந்து கை கொடுத்தார்கள். அண்ணை இறங்க மறுத்து, மாட்டுவாலைத் தானே பிடித்து, இம்முறை பிழையில்லாமல் திருப்பி டொக்டரின் வாசலில் கொண்டுவந்து விட்டார். மூன்று கிழமையில் காலமானார்.

வைத்தியசாலைத் தாதியருக்கும், சாப்பாடு கொண்டுவந்த சொந்தங்களுக்கும், ரோசாவைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லாத டொக்டருக்கும், பெயர் கேட்க மறந்துபோன அந்த நாலு பேருக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது.

இந்த ஒரு வருடமாகக் கராஜை நான்தான் திறந்து பூட்டுகிறேன்.