ஆஷாடத்துக்கும் ஆடிக்கும் நடுவில் எங்கள் வீடு

பத்தாம் வகுப்போடு நின்றவன் எழுத வருவது கொஞ்சம் அதிகப்படிதான், பொறுத்துக்கொள்ளுங்கள். கம்பெனி பஸ்ஸில் டிரைவரிடம் நிறுத்தச் சொல்லக் கூச்சப்பட்டு, அடுத்த ஸ்டாப்பில் இறங்கி நடந்து வருகிறவன் நான். இந்தக் கதையை வாயால் சொல்லத் தொடங்கினால் பாதியில் என் மனைவி பிடுங்கிக்கொள்கிறாள். அதனால்தான் எழுதுகிறேன்.

மைசூரில் ஹெப்பாள் பக்கம் எங்கள் வீடு. மனையை எங்கள் இருவர் பெயருக்கும் விற்றவர் ஓய்வுபெற்ற கன்னட வாத்தியார். தெருவே அவரை மேஷ்ட்ரு என்றுதான் கூப்பிடும். மாடியில் ஓர் அறை கட்ட வங்கிக்குப் போனோம். வில்லங்கச் சான்று கேட்டார்கள். எடுத்துப் பார்த்தால், எங்கள் மனைக்கு இன்னமும் மேஷ்ட்ருதான் சொந்தக்காரர்! எங்கள் பத்திரத்தில் விழுந்திருந்தது பக்கத்து மனையின் எண். அந்த வீட்டுக்காரர் வைத்த அடமானம் எங்கள் தலையில் உட்கார்ந்திருந்தது.

"சான்றைத் திருத்த முடியாது. பத்திரத்தில் இருப்பதுதான் அதில் வரும். விற்றவரும் வாங்கியவரும் நேரில் வந்து திருத்தப் பத்திரம் போடுங்கள்" என்றார்கள் பதிவு அலுவலகத்தில்.

தப்பு எப்படி வந்தது என்பது அப்புறம்தான் புரிந்தது. பத்திரம் பதிந்தது ஆஷாட மாதம் பிறப்பதற்கு முந்தின நாள். ஆஷாடத்தில் கன்னடக்காரர்கள் நல்ல காரியம் எதையும் தொடமாட்டார்கள். அதனால் அன்றைக்கு அங்கே கல்யாண வீட்டுக் கூட்டம். பத்திரம் எழுதியவர் பக்கத்து மனையின் பத்திரத்தை மாதிரியாக வைத்து எங்களுடையதை டைப் அடித்தபோது எண்ணை மாற்றவில்லை. அவசரத்தில் யாரும் படிக்கவில்லை.

மேஷ்ட்ரு ஆகஸ்டில் பூனாவுக்கு மகள் வீட்டோடு போகப்போகிறார், திரும்புவதாக இல்லை. அதற்குள் கையெழுத்து வாங்காவிட்டால் வீடு காகிதத்தில் அவருடையதாகவே நின்றுவிடும். அவரிடம் ஓடினோம். அப்போது ஆஷாடம் நடந்துகொண்டிருந்தது.

"பேடப்பா, வேண்டாம்" என்றார். "போன தடவை பறந்ததுக்குத்தான் இந்தக் கதி. ஷ்ராவணம் பிறக்கட்டும், நானே வரேன்."

ஷ்ராவணம் பிறந்தது. சொன்னபடி அவரே வீட்டுக்கு வந்தார். ஆனால் அவர்கள் மாதம் அமாவாசையோடு மாறிவிடும், எங்களுக்கு ஆடி முடியவில்லையே! என் மனைவி கொள்ளேகால் பக்கத்துத் தமிழ்க்காரி.

"ஆடியில நாங்க பத்திரம் தொடமாட்டோமுங்க மேஷ்ட்ரே."

"ஏனம்மா, மனை மைசூர்ல இருக்கு. அதுக்கு எங்க பஞ்சாங்கம்தானே?"

"மனைக்குச் சரிங்க. கையெழுத்துப் போடற கை எங்களுதாச்சே."

"உங்க ஆடி முடியறப்போ நான் பூனாவில உட்கார்ந்து அவல் தின்னுட்டு இருப்பேன்."

"டிக்கெட்டைத் தள்ளிப் போடுங்க."

"என் மககிட்ட நீயே சொல்லு. எனக்கு தைரியமில்லை."

இரண்டு பேரும் என் பக்கம் திரும்பினார்கள். நான் சுவரில் மாட்டியிருந்த நாள்காட்டியைப் பார்த்தேன்.

"ஆடிப்பெருக்கு வருதே" என்றேன்.

மனைவி கையைத் தட்டினாள். "அட, ஆமாங்க! அன்னைக்கு எதை வேணாலும் ஆரம்பிக்கலாம்!"

"இவன் பேசுவானா?" என்றார் மேஷ்ட்ரு. "மனை வாங்கின அன்னைக்குக்கூட தலையைத்தானே ஆட்டினான்!"

ஆடிப்பெருக்கு அன்று காலையிலேயே ஸ்ரீரங்கப்பட்டணம் போய் காவிரியில் பூ விட்டுவிட்டு, ஈரப் புடவையோரத்தோடு மனைவியும் நானும் பதிவு அலுவலகம் வந்து சேர்ந்தோம். இந்த முறை படித்துப் பார்க்காமல் மேஷ்ட்ரு யாரையும் கையெழுத்துப் போட விடவில்லை. பத்திரத்தை வகுப்பில் பாடம் நடத்துவதுபோல வாசித்தார். மனை எண், கிழக்கே சாலை, மேற்கே காலி மனை என்று ஒவ்வொன்றாக என்னைத் திருப்பிச் சொல்ல வைத்தார்.

"கேட்கலை. சத்தமா!"

வரிசையில் நின்றவர்கள் எல்லாம் பார்க்க, சத்தமாகச் சொன்னேன். மனைவி முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தாள். எண் சரியாக இருந்தது. மூவரும் கையெழுத்திட்டு, விரல் ரேகை வைத்தோம்.

மறுநாள் மேஷ்ட்ரு பூனாவுக்கு ரயில் ஏறினார். எனக்குக் காலை ஷிஃப்ட். வழியனுப்பப் போக முடியவில்லை.