பதினெட்டு மாடியும் சொன்ன ஓம்

அந்த ஐரிஷ் பெடியன் நகரசபைத் தேர்தலில் தோற்றதற்கு அரைவாசிக் காரணம் நான்தான். மீதியை எங்கள் கட்டடத்துச் சனம் பங்கு போட்டுக்கொள்ளட்டும். தொண்ணூறுகளின் நடுவில் நடந்த கதை. இப்போது நினைத்தாலும் முதலில் ஞாபகம் வருவது கவலை அல்ல, முழங்கால் நோ.

ரொறன்ரோப் பக்கம் டோர்செட் பார்க்கில் பதினெட்டு மாடிக் கட்டடம் ஒன்றில் ஏழாம் மாடியில் இருந்தோம். விடிய நாலரைக்கு எழும்பிப் பாண் சுடுகிற பக்ரறிக்குப் போய், நாள் முழுக்கத் தட்டுத் தூக்கி, பின்னேரம் வந்து சோறு வைத்துவிட்டுக் கொஞ்சம் காலை நீட்டலாம் என்று நினைக்கும்போது கதவு தட்டுப்படும். அவன்தான். கையில் அட்டையில் கொளுவிய தாள்கள், முகத்தில் ஒரு சிரிப்பு. அந்தச் சிரிப்பைக் கண்டாலே எனக்கு இன்னும் களைக்கும்.

அதற்கு முந்திய பனிக்காலத்தில் எங்கள் கட்டடத்தில் ஹீற்றர் வேலை செய்யாமல் கிடந்தது. கட்டட அலுவலகத்தில் எத்தனை தரம் சொல்லியும் எடுபடவில்லை. அப்போது நகரசபை உறுப்பினர் ஒருவரிடம் கடிதம் எழுதுகிற வேலையில் இருந்த இவன், ஒரு வெப்பமானியைக் கொண்டுவந்து என் குசினிக்குள் அரை மணித்தியாலம் நின்று குறித்துக்கொண்டு போனான். அந்தக் கிழமையே வீடு சூடானது. அந்த நன்றியில்தான் நான் மாட்டினேன்.

அவனுக்கு இருபத்தேழு வயது. அயர்லாந்தின் மேற்குக் கரைப் பக்கம் மாடு வளர்க்கிற குடும்பம், ஐந்தாவது பிள்ளை. பத்தொன்பது வயதில் தாய்மாமனோடு கட்டட வேலைக்கு என்று ரொறன்ரோ வந்தவன். பகலில் சீமெந்து சுமந்து, பின்னேர வகுப்பில் படித்து, நகரசபை அலுவலகம் வரை ஏறி, பிறகு தானே தேர்தலில் நின்று ஒரு தரம் தோற்றும்விட்டான். இது இரண்டாம் தரம். வேலையை விட்டுவிட்டு நின்றான். இதிலும் தோற்றால் ஊருக்குத் திரும்பி வந்து மாடு பார்க்கிறேன் என்று தாய்க்கு வாக்குக் கொடுத்திருந்தான். "இதுதான் கடைசி" என்று என் குசினி மேசையில் இருந்து சொன்னான்.

என் வேலை, அவனோடு கதவு கதவாகப் போய் அவன் ஆங்கிலத்தில் சொல்வதைத் தமிழில் சொல்வது. ஆட்கள் ஆதரவு என்றால் தாளில் அந்த வீட்டு இலக்கத்துக்குப் பக்கத்தில் சரி போட வேண்டும். முதல் நாள் கயிறு கட்டுகிற சப்பாத்தோடு வந்தான். பத்து வீட்டில் கழற்றிக் கட்டி, கழற்றிக் கட்டி நொந்துபோய், அடுத்த நாள் கயிறில்லாத சப்பாத்து வாங்கிக்கொண்டு வந்தான். எந்த வீட்டுக்குப் போனாலும் தேத்தண்ணி. மறுக்கத் தெரியாதவன். பால் விட்ட கடும் சாயத் தேத்தண்ணி தன் தாய் போடுவது போலவே இருக்கிறது என்று ஒவ்வொரு வீட்டிலும் புதிதாகச் சொன்னான். நானும் ஒவ்வொரு வீட்டிலும் புதிதாக மொழிபெயர்த்தேன்.

எல்லா வீட்டிலும் ஒரே பதில்தான். "ஓம் தம்பி, உமக்கில்லாமல் வேற ஆருக்கு?" நான் சரி போட்டேன். தாள் தாளாகச் சரி. அந்தச் சரிகளை நம்பி அவன் மற்றக் கட்டடங்களுக்குப் போகிறதைக் குறைத்துக்கொண்டான்.

வாக்காளர் இடாப்பில் எங்கள் கட்டடத்துப் பெயர்கள் மிகக் குறைவாக இருந்தன. ஏன் என்று கேட்டான். எங்கள் பெயர்களின் நீளத்தைப் பார்த்து எழுத வந்தவர்கள் ஓடியிருப்பார்கள் என்றேன். சிரித்தான். தேர்தலன்று குடியுரிமைப் பத்திரத்தைக் கொண்டுவந்தால் அங்கேயே பதியலாம், பிரச்சினை இல்லை என்றான்.

எனக்கே குடியுரிமை இருக்கவில்லை. சோதனை பாஸ் பண்ணியிருந்தேன், சத்தியம் செய்யக் கூப்பிடும் கடிதம் வரவில்லை. அவன் கேட்கவில்லை, நான் சொல்லவும் இல்லை. சொன்னால் வேறு ஆளைத் தேடுவான் என்று பயந்தேன். பக்ரறியில் நான்கு வருசமாக என்னிடம் ஒருவரும் தட்டைத் தூக்கு, தட்டை வை என்பதற்கு மேல் ஒரு வார்த்தை பேசியதில்லை. இவன் லிஃப்ற்றுக்குள் நின்று, "நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?" என்று கேட்பான். அது எனக்கு வேண்டியிருந்தது. எனக்குத்தான் வோட் இல்லை, எனக்கு முன்னம் வந்த மற்றவர்களுக்கு இருக்கும் என்று என்னையே சமாதானப்படுத்திக்கொண்டேன்.

தேர்தலன்று லீவு எடுத்தேன். மழையும் பனியும் கலந்து கொட்டியது. கீழே மூன்று கார்கள் ஆட்களை ஏற்ற நின்றன. நான் தாள்களோடு மேலே ஏறி, பதினாறாம் மாடியில் முதலாவது கதவைத் தட்டினேன். ஊரில் தபால் கந்தோரில் வேலை செய்த அங்கிள் திறந்தார்.

"என்ன பிள்ளை, எங்களுக்கு எங்க வோட்? நிரந்தரமா இருக்க விடுற லாண்டட் பேப்பரே இன்னும் வரேல்லை."

"அப்ப ஏன் அங்கிள் அண்டைக்கு ஓம் எண்டு சொன்னனீங்கள்?"

"வீடு தேடி வந்த பெடியன். சப்பாத்தையும் கழட்டிப்போட்டு வந்திருக்கிறான். இல்லை எண்டு எப்பிடிச் சொல்லுறது?"

உள்ளே இருந்து அன்ரி, "பிள்ளை, தேத்தண்ணி குடிச்சிட்டுப் போவன்" என்றார்.

எனக்கு உச்சந்தலை வரை கோபம் ஏறியது. அடுத்த கதவிலும் அதுதான். அதற்கடுத்ததிலும் அதுதான். ஊரில் ஆமி வந்து கேட்டாலும் இயக்கம் வந்து கேட்டாலும் ஓம் என்று தலையாட்டி அனுப்பிப் பழகிய சனம் நாங்கள். வாசலில் வந்து நிற்கிறவனிடம் இல்லை என்று சொல்லும் பழக்கத்தை ஒருவரும் கப்பலேற்றிக் கொண்டுவரவில்லை. இது விளங்கியும் எனக்கு ஆறவில்லை. பன்னிரண்டாம் மாடியில் ஒரு அக்காவைப் பிடித்து, "ஒரு மனுசன்ர சீவியத்தோட விளையாடியிருக்கிறியள்" என்று ஏசியும் விட்டேன். அவர் அழுதார்.

அன்று முழுக்க ஏழு பேரைத்தான் கீழே கொண்டுவந்தேன். மற்றவர்கள் எங்கே என்று கேட்டான். வேலைக்குப் போய்விட்டார்கள் என்றேன்.

கொஞ்ச வாக்குகளால் தோற்றான். எங்கள் ஒரு மாடிச் சனம் போட்டிருந்தாலே அவன் வெல்லக் காணும்.

இரண்டு நாள் கழித்து மறுபடி வந்தான். உதவிய எல்லோருக்கும் நன்றி சொல்லிவிட்டுத்தான் ஊருக்குப் போவதாம். மறுபடி பதினெட்டு மாடி, மறுபடி சப்பாத்து, மறுபடி தேத்தண்ணி. "அடுத்த முறை கட்டாயம், தம்பி" என்று எல்லோரும் சொன்னார்கள். அடுத்த முறை இல்லை என்று அவனும் சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை. பன்னிரண்டாம் மாடி அக்கா என் முகத்தைப் பார்க்காமல் பிஸ்கற் நீட்டினார்.

கடைசியாக என் குசினிக்கு வந்து இருந்தான். தாள்களை மேசையில் வைத்து, நான் போட்ட சரிகளை விரலால் தடவிப் பார்த்துக்கொண்டிருந்தான். அவனுக்கு எல்லாம் தெரிந்துவிட்டது என்று நினைக்கிறேன். அவன் முகத்தில் கோபம் இல்லை, களைப்புத்தான். என்னை நிமிர்ந்து பார்த்து, "நீங்களாவது எனக்குப் போட்டீர்களா?" என்று கேட்டான்.

இல்லை என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன்.

"ஓம்" என்றேன்.

அவன் தேத்தண்ணியை மிச்சம் வைக்காமல் குடித்தான். பிறகு வாசலில் குனிந்து சப்பாத்தைப் போட்டுக்கொண்டு போனான்.