ஃப்ளாப்பியில் வராத படங்கள்

எலக்ட்ரானிக்ஸ் பேப்பரில் இரண்டு தடவை ஃபெயில் ஆனேன். மூன்றாவது தடவையும் போனால் காலேஜ் வேண்டாம், நத்தத்து மாப்பிள்ளைக்குப் பேசி முடித்துவிடுவேன் என்றார் அப்பா. லைப்ரரியில் இருந்த ஒரே புத்தகம் லெக்சரர் வீட்டில் கிடந்தது. கேட்டால், "நெட்ல எல்லாம் இருக்கும்மா, எடுத்துக்கங்க" என்பார். காலேஜ் லேபில் கம்ப்யூட்டர் இருந்தது, நெட் இல்லை. எங்கள் ஊரில் போனே இரண்டு வீட்டில்தான்.

பேகம்பூரில் ஒரு பிரவுசிங் சென்டர். கேபினுக்குக் கேபின் துணித் திரை. அதற்குள் ஒரு பெண் போனால் என்ன பேசுவார்கள் என்று தெரியும். போனேன். பாடப் பக்கங்களை டெஸ்க்டாப்பில் சேமித்து, ஃப்ளாப்பியில் காப்பி எடுத்தேன். மறுநாள் லேபில் திறந்தால் எழுத்து வந்தது. சர்க்யூட் படம் வரவேண்டிய இடமெல்லாம் வெறும் கட்டம், மூலையில் சிவப்புப் பெருக்கல் குறி. படங்கள் தனி ஃபோல்டரில் விழுந்திருக்கின்றன. அதை எடுக்காமல் வந்திருக்கிறேன்.

அடுத்த ஞாயிறு மறுபடி போனேன். யாரோ பார்த்துச் சொல்லியிருக்கிறார்கள். அப்பா நேரே வந்து நின்றார்.

"திரை போட்ட எடத்துல பொம்பளப் புள்ளைக்கு என்ன சோலி?"

"திரை எங்கப்பா இருக்கு? வந்ததுமே தூக்கிக் கட்டிட்டேன்."

கடைக்கார பாய் எட்டிப் பார்த்தார். "கயிறு கேட்டு வாங்கிக் கட்டுச்சுண்ணே. பொம்பளப் புள்ள உக்காந்திருக்கறதைப் பாத்துட்டு நாலு பய திரும்பிப் போயிட்டான். செத்த சீக்கிரம் கூட்டிட்டுப் போங்க."

"எந்திரி" என்றார் அப்பா.

"ஃபோல்டர் காப்பி ஆகுது."

"எந்திரிங்கிறேன்ல."

"இப்ப எந்திரிச்சா படம் வராது. படம் இல்லாம படிச்சா ஃபெயில்தான். அதுக்குத்தான் வந்தீகளா?"

எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். பார்க்கட்டும். முதல் ஃப்ளாப்பி நிறைந்தது, இரண்டாவதைப் போட்டேன். அது கரகரவென்று ஓடி முடிக்கும்வரை அப்பா என் முதுகுக்குப் பின்னால் நின்றார்.

பாஸ் ஆனேன். நத்தத்துக்காரர்களிடம் இப்போதைக்கு இல்லை என்று அப்பா சொல்லி அனுப்பியதை அம்மா சொல்லித்தான் தெரிந்துகொண்டேன்.

கிளாஸில் அரியர் வைத்திருந்த பெண்கள் எல்லோருக்கும் காப்பி கொடுத்தேன், ஃபோல்டரோடு. மற்ற பேப்பருக்கு என்ன செய்வது என்று கேட்டார்கள். அந்த சென்டருக்குப் போங்கடி, வீட்டில் கேட்டால் நான்தான் போகச் சொன்னேன் என்று சொல்லுங்கள் என்றேன்.