மங்கை அக்காவும் மூன்று ஆங்கிலச் சொற்களும்

போதிய காலம் வாய்மூடி இருந்துவிட்டேன். சென்ற செவ்வாய் காலை, துணுக்காயிலிருந்து மங்கை அக்காவின் தங்கை தொலைபேசியில் அழைத்தார். "அண்ணை, அக்கா மோசம் போட்டா" என்று சாவுச் செய்தி சொன்னார்.

கிளிநொச்சியில் ஓர் உதவி நிறுவனத்தில் நானும் அவரும் மொழிபெயர்ப்பாளர்களாக இருந்தோம். நான் பட்டதாரி. அவர் அகராதியை வைத்துத் தானே ஆங்கிலம் படித்தவர். முதல் ஆண்டு முழுவதும் நான் அவரை மதிக்கவில்லை.

கூரைத்தகடு வழங்குவதற்காகப் பூநகரியில் வீடு வீடாக விசாரித்தேன். ஒரு பெண் தேநீர் தந்து, சிரித்தபடி, "எங்களுக்கென்ன தம்பி, ஒரு குறையுமில்லை. எழும்பிடுவம்" என்றார். அவரை ரெசிலியண்ட், பொயண்ட், எபுலியண்ட் என்று ஆங்கில அறிக்கையில் எழுதி, இரண்டு தரம் வாசித்து மகிழ்ந்தேன். அதைப் படித்த பணிப்பாளர், 'இவர்கள் தாமாகவே நிமிர்ந்துவிட்டார்கள்' என்று அந்தக் குடும்பத்தைப் பட்டியலிலிருந்து வெட்டினார். மாரி தொடங்க இரண்டு கிழமைதான் இருந்தது.

மங்கை அக்கா அறிக்கையோடு என் மேசைக்கு வந்தார்.

"ரெசிலியண்ட் எண்டால் நசிச்சு விட்டாலும் பழையபடி எழும்பவேணும். பொயண்ட் எண்டால் அமுக்க அமுக்க மிதக்கவேணும். எபுலியண்ட் எண்டால் கொதிச்சுப் பொங்கவேணும். நீங்கள் அந்த வீட்டுக் குசினிக்குள்ள போனனீங்களோ?"

"இல்லை அக்கா. அவாதானே சிரிச்சுச் சிரிச்சுச் சொன்னவா."

"வந்த ஆளுக்கு ஆர் தம்பி தன்ரை இல்லாமையைச் சொல்லுவினம்? உங்கடை அம்மா சொல்லுவாவோ?"

மறுநாள் இருவரும் பஸ்ஸில் போனோம். அக்கா எதுவும் விசாரிக்கவில்லை. தேநீர்க் கோப்பைகளைக் கழுவித் தருவதாகச் சொல்லிக் குசினிக்குள் நுழைந்தார். நானும் பின்னால் போனேன். கூரையாகக் கட்டியிருந்த கிழிந்த தறப்பாளுக்கூடாக வானம் தெரிந்தது. மதியம் கடந்தும் சோற்றுப்பானை கவிழ்ந்தே கிடந்தது. சீனிப் போத்தலில் கடைசியாக இருந்ததை எங்கள் தேநீரில் போட்டிருந்தார்கள்.

திரும்பும் வழியில், "உலையே வைக்கேல்லை, என்னத்தையப்பா பொங்கிறது?" என்று அக்கா சிரித்தார். அந்தப் பகிடியை நான் பல வருடம் மனதில் கறுவி வைத்திருந்தேன்.

அவர் புதிய அறிக்கை எழுதினார். "முதல் அறிக்கை ஆர் எழுதினது?" என்று பணிப்பாளர் கூட்டத்தில் கேட்டார். நான் குனிந்திருந்தேன்.

"நான்தான் சேர். அந்தச் சொல்லுகளின்ரை கருத்து எனக்கு வடிவா விளங்கேல்லை" என்றார் மங்கை அக்கா.

மழைக்கு முன் அந்த வீட்டுக்குத் தகடு ஏறியது. ஆண்டு முடிவில், ஆங்கிலம் போதாது என்று அக்காவை வேலையிலிருந்து நிறுத்தினார்கள். கூட்டத்தில் ஏன் அப்படிச் சொன்னீர்கள் என்று கேட்டேன்.

"உங்களுக்கு மூண்டு பிள்ளையள். எனக்கு என்ரை ஒரு வாய்தானே."

அதன்பின் துணுக்காய்ச் சந்தியில் ஒரு பிளாஸ்டிக் கதிரையில் இருந்து, சனங்களுக்கு மனு எழுதிக் கொடுத்தார். கண்டால், "என்ன எபுலியண்ட், சுகமோ?" என்பார்.

செத்தவீட்டில் பணிப்பாளர் பேசினார். "இங்கிலீஷ் கொஞ்சம் மட்டுத்தான், ஆனால் தங்கமான மனுசி" என்றார். அன்றும் நான் எழுந்து மறுக்கவில்லை. பணிப்பாளரை மன்னிக்கும் எண்ணம் எனக்கில்லை. என்னையும்தான்.

அந்த மூன்று சொற்களின் பொருளும் எங்கள் அலுவலகத்தில் மங்கை அக்கா ஒருவருக்கே தெரிந்திருந்தது. தவறு அவருடையதல்ல. என் பிள்ளைகள் படித்து முடித்தது அவர் சொன்ன அந்த ஒரு பொய்யால். நன்றி அக்கா. போய்வாருங்கோ.

முப்பத்தொன்றாம் நாள் நினைவுமலருக்காக இதை அக்காவின் தங்கைக்குத் தபாலில் அனுப்புகிறேன். பெயர் போடவில்லை. அந்த அலுவலகத்தில் மொழிபெயர்த்தவர்கள் நாங்கள் இருவர் மட்டுமே.